நாலு வயதில் பென்சில் பிடிக்க வரவில்லை. மூளைப் பயிற்சிக்குப் பணம் கட்டலாமா?

கேள்வி: என் மகன் நவம்பரில் பிறந்தவன். இப்போது நான்கு வயது இரண்டு மாதம். மலேசியாவில், பினாங்கின் பிறை நகரில் ஒரு தனியார் பாலர் பள்ளியில் ஐந்து வயது வகுப்பில் சேர்த்திருக்கிறோம். நன்றாகப் பேசுகிறான், கதை கேட்கிறான். ஆனால் பென்சிலை உள்ளங்கையில் இறுக்கிப் பிடித்துக் கிறுக்குகிறான். ஆங்கில எழுத்து 'ஏ' கூட எழுத வரவில்லை. ஆசிரியை பின்தங்கிவிட்டான் என்கிறார். இடது கையைப் பயன்படுத்துவதால்தான் என்கிறார் மாமியார். பேரங்காடியில் ஒரு மையத்தார் விரல்ரேகை எடுத்துப் பார்த்து, இடது மூளை பலவீனம், ஆறு வயதுக்குள் சரிசெய்யாவிட்டால் முடியாது என்று சொல்லி 4,200 வெள்ளி (ரிங்கிட்) பேக்கேஜில் சேரச் சொன்னார்கள். 300 வெள்ளி முன்பணம் கட்டிவிட்டேன். மீதியைக் கட்டலாமா?

பதில்: கட்டாதீர்கள். பையனைப் பற்றி நீங்கள் எழுதியிருப்பதில் பயப்பட ஒன்றும் இல்லை. அந்த மையத்தைப் பற்றி எழுதியிருப்பதில்தான் பயப்பட நிறைய இருக்கிறது.

முதலில் கை. நம் மணிக்கட்டில் எட்டுச் சிறு எலும்புகள் உண்டு. பிறக்கும்போது அவை வெறும் குருத்தெலும்பு. நான்கு வயதுப் பிள்ளைக்கு எக்ஸ்ரே எடுத்தால் ஏறக்குறைய பாதிதான் எலும்பாகத் தெரியும். எட்டாவது எலும்பு தெரிய எட்டு, பத்து வயதுகூட ஆகலாம். கை இன்னும் கட்டி முடியவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். வலுவும் தோளில் தொடங்கி, முழங்கை, மணிக்கட்டு என்று இறங்கி, கடைசியாகத்தான் விரல் நுனிக்கு வருகிறது.

கோடு போடுவதற்கும் ஒரு வரிசை இருக்கிறது. இரண்டு வயதில் மேலிருந்து கீழே ஒரு நேர்கோடு, மூன்றில் வட்டம், நான்கில் கூட்டல் குறி, நாலரையில் சதுரம். சாய்கோடும் முக்கோணமும் ஐந்தை ஒட்டித்தான். இப்போது அந்த 'ஏ' எழுத்தைப் பாருங்கள். இரண்டு சாய்கோடு, நடுவில் ஒரு குறுக்குக்கோடு. ஐந்து வயதில் வரவேண்டிய கோட்டை முதல் எழுத்தாக வைத்துவிட்டுப் பிள்ளை பின்தங்கிவிட்டான் என்றால் என்ன சொல்வது? தமிழிலும் 'அ'வில் தொடங்கினால் இதே கதைதான். சுழி, வளைவு, நேர்கோடு எல்லாம் ஒன்றாக வருகிற எழுத்து அது. 'ட', 'ப' கொடுத்துப் பாருங்கள், நேர்கோடு மட்டும்தான். வட்டமும் கூட்டல் குறியும் போடுகிறான் என்றால் அவன் இருக்கவேண்டிய இடத்தில்தான் இருக்கிறான்.

இன்னொன்று. ஐந்து வயது வகுப்பு என்றால் ஒரே ஆண்டில் ஜனவரி முதல் டிசம்பர் வரை பிறந்தவர்கள். பக்கத்து நாற்காலியில் இருக்கும் ஜனவரிப் பிள்ளைக்கு ஐந்து வயதாகிவிட்டது. உங்கள் மகனுக்கு இன்னும் பத்து மாதம் இருக்கிறது. நான்கு வயதுக்காரனுக்குப் பத்து மாதம் என்பது வாழ்ந்த காலத்தில் ஐந்தில் ஒரு பங்கு! கல்வி அமைச்சின் பாலர் பள்ளிப் பாடத்திட்டம் விளையாட்டு வழிக் கற்றல் என்று அழகாக எழுதி வைத்திருக்கிறது. வகுப்பில் நடப்பதோ மூன்று மொழியிலும் பயிற்சித் தாள். ஆசிரியையைக் கேட்டால் பெற்றோர் கேட்கிறார்கள் என்பார், பெற்றோரைக் கேட்டால் ஒன்றாம் ஆண்டுப் புத்தகத்தைக் காட்டுவார்கள். இதை யார் சரிசெய்வது என்று கேட்டுக் கேட்டு எனக்கு அலுத்துவிட்டது.

சரி, விரல்ரேகைக்கு வருவோம். விரலில் இருக்கும் கோடுகள் தாயின் வயிற்றில், ஏறக்குறைய பத்தாவது வாரத்தில் உருவாகத் தொடங்கி ஆறாம் மாதத்துக்குள் முடிந்துவிடும். அதன்பிறகு சாகும்வரை மாறாது. அதனால்தான் மைகாட் அடையாள அட்டை எடுக்கும்போது பெருவிரலைப் பதிகிறார்கள். மாறாத அந்தக் கோட்டை வைத்து, நாளுக்கு நாள் மாறிக்கொண்டிருக்கும் மூளையை இவர்கள் அளக்கிறார்களாம். அந்த ஏஜெண்டிடம் ஒன்று கேளுங்கள்: "உங்கள் வகுப்பு முடிந்ததும் மறுபடியும் ரேகை எடுத்தால் இடது மூளை பலமாகிவிட்டது என்று காட்டுமா?" பேச்சை மாற்றிவிடுவார்.

அந்த ஆறு வயதுக் கணக்கு அரை உண்மை. அரை உண்மைதான் நன்றாக விற்கும். ஆறு வயதில் மூளையின் அளவு பெரியவர்களின் மூளையில் ஏறக்குறைய 90 விழுக்காட்டை எட்டிவிடும் என்பது சரி. அது அளவு. உள்ளே இணைப்புகள் சேர்வதும், பயன்படாதவை கழிவதும், தேவையானவை உறுதிப்படுவதும் இருபது வயதைத் தாண்டியும் நடக்கிறது. அப்புறம் இடது மூளைக்கு ஒன்று, வலது மூளைக்கு ஒன்று என்று தனித்தனியாகப் பயிற்சி கொடுக்கவே முடியாது. ஒரு வட்டம் வரையும்போதுகூட இரண்டு பக்கமும் வேலை செய்கின்றன.

நடுமூளையைத் தூண்டுகிறோம் என்று சொல்லிப் பிள்ளைகளின் கண்ணைக் கட்டி அட்டையின் நிறத்தைச் சொல்லவைத்த கூத்து நினைவிருக்கிறதா? மூக்கோரத்தில் இடைவெளி இருக்கும், பிள்ளை அதன்வழியே பார்க்கும், அவ்வளவுதான். அதே வியாபாரம்தான் இப்போது வேறு பலகையில். விற்பவர்களும் அந்நியராக இருப்பதில்லை. கோயில் அன்னதானத்தில் பக்கத்தில் உட்கார்ந்து, "என் பையனுக்கு நல்லா வேலை செஞ்சிச்சு" என்று சொல்கிற அக்காவுக்கு ஆள் சேர்த்தால் கட்டணத்தில் கழிவு கிடைக்கும். இன்றைக்கே கட்டினால் தள்ளுபடி என்று ஒருவர் அவசரப்படுத்தினால் எழுந்து வந்துவிடுங்கள். எந்தப் பிள்ளையின் வளர்ச்சியும் இன்று மாலை ஆறு மணிக்குள் முடிவாவதில்லை.

வாசலில் 'தெரபி' என்று எழுதியிருப்பதையும் நம்பிவிடாதீர்கள். இங்கே ஆக்குபேஷனல் தெரபிஸ்ட் (கை வேலை, அன்றாட வேலைகளுக்குப் பயிற்சி தரும் சிகிச்சையாளர்), பேச்சுச் சிகிச்சையாளர் போன்றோர் 2016ஆம் ஆண்டின் துணைச் சுகாதாரத் தொழிலர் சட்டத்தின் (சட்டம் 774) கீழ் பதிவு செய்திருக்க வேண்டும். பதிவு எண்ணைக் கேளுங்கள். தகுதி உள்ளவர் கோபப்படமாட்டார்.

மாமியார் சொன்னதில் ஒரு விஷயத்தை மட்டும் நான் விடமாட்டேன், அவர் சொன்ன காரணத்துக்காக அல்ல. இடது கைப் பழக்கம் குறையே இல்லை. பத்துப் பேரில் ஒருவர் அப்படித்தான். கையை மாற்றச் சொல்லி அடிக்காதீர்கள். ஆனால் அவன் வலது கை சும்மா இருக்கிறதா என்று பாருங்கள். பிஸ்கட் டப்பாவைத் திறக்கும்போது வலது கை டப்பாவைப் பிடித்துக்கொள்கிறதா? கிறுக்கும்போது தாளை அழுத்துகிறதா, அல்லது மடியில் கிடக்கிறதா? சட்டை போடும்போது அந்தக் கையை இடது கையால் தூக்கி நுழைக்கிறானா? ஓடும்போது அது மட்டும் மடங்கி நிற்கிறதா? ஒன்றரை வயதுக்கு முன்பே ஒரு கையை மட்டும்தான் நீட்டினான் என்று நினைவு இருக்கிறதா? அப்படியென்றால் இது இடது கைப் பழக்கம் இல்லாமல், வலது கையின் பலவீனமாக இருக்கலாம். நேரே கிளினிக் கெசிஹாத்தானுக்கு (அரசு சுகாதார நிலையம்) போங்கள், குழந்தையின் சுகாதாரப் புத்தகத்தையும் எடுத்துக்கொள்ளுங்கள். அங்குள்ள மிஸ்ஸி (தாதி) "வளர்ந்தா சரியாயிடும்" என்றால் தலையாட்டிவிட்டு வராமல் டாக்டரைப் பார்த்துக் கடிதம் வாங்குங்கள். மருத்துவமனையில் தேதி கிடைக்க மாதக்கணக்காகும். ஆகவே இன்றே வரிசையில் நில்லுங்கள். இரண்டு கையும் சேர்ந்து வேலை செய்கிறது என்றால் இந்தப் பத்தியை மறந்துவிடலாம்.

வீட்டில் பென்சிலைக் கொஞ்ச நாள் ஒதுக்கி வையுங்கள். சப்பாத்தி மாவு உருட்டட்டும், பட்டாணி உரிக்கட்டும், துணிக்கு கிளிப் மாட்டட்டும், ஃப்ளாட்டுக்குக் கீழே கம்பியில் தொங்கட்டும். கிரேயானைச் சுண்டுவிரல் நகம் அளவுக்கு உடைத்துக் கொடுங்கள். உள்ளங்கையால் பிடிக்க இடமிருக்காது, விரல் நுனி தானாக வரும். தாளை மேசையில் வைக்காமல் சுவரில் ஒட்டுங்கள்.

முன்பணத்தைத் திருப்பிக் கேளுங்கள், வாய்ப்பேச்சாக அல்ல, வாட்ஸப்பில். ரேகை பற்றியும் ஆறு வயது பற்றியும் அவர்கள் சொன்னதை எழுத்தில் அனுப்பச் சொல்லிப் பதிலை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். ரசீதையும் பத்திரப்படுத்துங்கள். மறுத்தால் பயனீட்டாளர் நடுவர் மன்றம் இருக்கிறது: 50,000 வெள்ளி வரையிலான கோரிக்கைகளை எடுப்பார்கள், மனுவுக்குக் கட்டணம் 5 வெள்ளி, வழக்கறிஞர் தேவையில்லை. அங்கே போகப்போவதாக எழுதினாலே சில மையங்கள் பணத்தைக் கொடுத்துவிடுவதைப் பார்த்திருக்கிறேன்.