பாலியஸ்டர் சேலைக்குப் ‘பட்டு’ப் பெயர் பதிவாகுமா?

கேள்வி: இளம்பிள்ளையில் சிறிய அளவில் சேலை தயாரிக்கிறோம். பாவு, ஊடை இரண்டுமே பாலியஸ்டர். ‘பட்டு’ என்று தொடங்கும் பெயரில் ஆறு வருடமாக விற்கிறோம். டிரேட்மார்க் கேட்டு விண்ணப்பித்தால், பெயர் வாங்குபவரை ஏமாற்றும் என்று ஆட்சேபம் வந்திருக்கிறது. லேபிளில் ‘100% பாலியஸ்டர்’ என்று போட்டுத்தானே விற்கிறோம்? என்ன பதில் எழுதலாம்?

பதில்: பதில் தர உங்களுக்கு 30 நாள்தான் அவகாசம், அதனால் நேராகவே சொல்கிறேன். இந்தப் பெயரைக் காப்பாற்ற முடியாது.

1999-ஆம் ஆண்டு வணிகக்குறிச் சட்டத்தின் 9-வது பிரிவில் இரண்டு தடைகள் உண்டு. பொருளின் தன்மையை அப்படியே சொல்லும் பெயருக்கு ஒன்று. அதை நீண்ட காலப் பயன்பாட்டைக் காட்டித் தாண்டலாம். நீங்கள் மாட்டியிருப்பது இரண்டாவதில், 9(2)(அ)-வில். மக்களை ஏமாற்றும் பெயர் என்றால் அங்கே விலக்கே கிடையாது. ஆறு வருட பில்களைக் கட்டுக்கட்டாக இணைத்தாலும் பயன் இல்லை. இந்த இரண்டையும் குழப்பிக்கொண்டு பணத்தைச் செலவழிப்பவர்களைப் பார்த்து வருத்தப்பட்டிருக்கிறேன்.

லேபிள் வாதமும் நிற்காது. பதிவாவது பெயர் மட்டும்தான். நாளை அதே பெயர் அந்தச் சின்ன எழுத்து இல்லாமல் விளம்பரப் பலகையில் ஏறலாம். அமெரிக்காவில் செயற்கை இழையில் செய்த கார் சீட் உறைக்கு ‘லவ்வி லேம்’ (Lovee Lamb) என்று பெயர் கேட்டார்கள். ‘லேம்’ என்றால் ஆட்டுக்குட்டி; ஆட்டுத்தோல் உறை என்று வாங்குபவர் நினைத்துவிடுவார். விளம்பரத்தில் விளக்கம் கொடுத்திருந்தும் 1988-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் மறுத்துவிட்டது. அங்கே கேட்கப்படும் மூன்று கேள்விகளை நீங்களும் கேட்டுப் பாருங்கள்: பொருளில் இல்லாத ஒன்றைப் பெயர் சொல்கிறதா? வாங்குபவர் நம்புவாரா? அந்த நம்பிக்கையில்தான் வாங்குவாரா? குழந்தைச் சட்டைக்குப் ‘பட்டுக்குட்டி’ என்று வைத்தால் அது கொஞ்சல் என்று வாதாட இடமுண்டு. சேலைக்கு இல்லை. முகூர்த்தத்துக்கு எடுக்க வந்தவர் பார்டரை இரு விரலால் தேய்த்துப் பார்ப்பது எதற்கு? பட்டு நூலைக் கொளுத்தினால் முடி கருகும் வாசம் வரும், சாம்பல் பொடியும். பாலியஸ்டர் உருகிக் கெட்டி மணியாகிவிடும். அந்தச் சோதனையைக் கடையில் யாரும் செய்ய விடுவதில்லை. பாவம், அவர் பெயரை நம்பித்தான் பணம் கொடுக்கிறார்.

எழுத்தை மாற்றி ‘சில்க்’ ஒலி வரும்படி வைக்கலாமே என்று யாராவது யோசனை சொல்வார்கள். இங்கிலாந்தில் துணிக்கு ‘ஆர்ல்வூலா’ என்று கேட்டார்கள். வாய்விட்டுச் சொன்னால் ‘ஆல் வூல்’. முழுக்கக் கம்பளி என்றால் அது வெறும் வர்ணனை, இல்லையென்றால் ஏமாற்று என்று 1909-இலேயே இரண்டு வழியையும் அடைத்துவிட்டார்கள்.

பதிவு கிடைக்காவிட்டால் போகட்டும், பெயரை வைத்துக்கொள்ளலாம் என்றும் இருந்துவிடாதீர்கள். பொருள் எதனால் ஆனது என்பதைப் பற்றிய பொய்யான வர்ணனை 103-வது பிரிவின்படி குற்றம். சிறைத் தண்டனையே உண்டு. வாங்கியவர் நுகர்வோர் ஆணையத்துக்கும் போகலாம்.

இதே விண்ணப்பத்தில் பெயரைத் திருத்தவும் சட்டம் விடாது. அதைக் கைவிட்டு, துணியின் பெயரே வராத புதுச் சொல்லில் மறுபடி விண்ணப்பியுங்கள். சிறு நிறுவனத்துக்கு ஆன்லைனில் ஒரு வகுப்புக்கு, அதாவது ஒரு பொருள் வகைக்கு, 4,500 ரூபாய்தான் கட்டணம். இத்தனை வருட வாடிக்கையாளர் அடையாளம் காண, இப்போதைய லோகோவையும் நிறத்தையும் அப்படியே வைத்துக்கொள்ளலாம். கையிருப்பில் உள்ள பழைய டேக்குகள் தீரட்டும் என்று காத்திருக்காமல், அடுத்த லோடிலேயே மாற்றிவிடுங்கள்.