விண்பாம்பின் வால் – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

விண்மீன்களுக்கு நடுவே வாழும் ஒரு பாம்பைப் பற்றி நாவல் எழுதத் தொடங்கியிருக்கிறேன். பூமியிலிருந்து சூரியன் வரை நீளம். நினைத்த நொடியில் நினைத்த இடத்தில் இருக்கும். நெருப்பைக் கக்கும், சாவே கிடையாது. காற்றும் தரையும் இல்லாத இடத்தில் பாம்பு எப்படி ஊரும் என்று நண்பன் கேலி செய்கிறான். கற்பனைதானே, எதுவும் நடக்கலாம் என்றேன். என் கேள்வி: அதற்குப் புராணப் பெயர் வைப்பதா, புதுப் பெயரா? அது நல்லதாக இருக்க வேண்டுமா, கெட்டதாகவா?

கே.

அன்புள்ள கே.,

நல்லதா கெட்டதா என்பதை எழுதுவதற்கு முன்பே முடிவுசெய்துவிட்டால் பிறகு எதற்கு நாவல்? அதை விடுங்கள். பெயரையும் பிறகு பார்க்கலாம். உங்கள் கடிதத்தில் என்னைப் பிடித்து நிறுத்தியது அந்த நீளம்.

அதற்கு முன் ஒன்று. ‘கற்பனைதானே, எதுவும் நடக்கலாம்’ என்ற பேச்சை இனி எவரிடமும் சொல்லாதீர்கள். எதுவும் நடக்கலாம் என்றால் எது நடந்தாலும் வாசகனுக்கு ஒன்றுதான். சாவில்லாத பாம்புக்கு ஆபத்து ஏது? நினைத்த இடத்தில் இருக்கும் பாம்புக்குப் பயணம் ஏது? அதற்குப் பசிக்குமா என்றுகூட நீங்கள் யோசிக்கவில்லை. இது சோம்பல். கோபமாகவே சொல்கிறேன், ஏனென்றால் அந்தப் பாம்பு உங்களைத் தேடி வந்திருக்கிறது, நீங்கள் அதை முகம்கொடுத்துப் பார்க்காமல் வரங்களை அள்ளிக் கொடுத்து அனுப்பப் பார்க்கிறீர்கள்.

நண்பன் நல்ல கேள்வி கேட்டிருக்கிறான். பாம்பு தரையை உந்தித்தான் முன்னே போகிறது. வெற்றிடத்தில் உந்த எதுவும் இல்லை. எவ்வளவு நெளிந்தாலும் திசை திரும்பலாம், சுருளலாம், அவ்வளவுதான். நகர வேண்டுமானால் தன்னில் ஒரு பகுதியைப் பின்னால் எறிய வேண்டும். ராக்கெட் அதைத்தான் செய்கிறது. பாம்பிடமும் எறிய ஒன்று இருக்கிறது, சட்டை! உரித்த சட்டையை வீசி வீசித்தான் உங்கள் பாம்பு போகும், போகப்போக இளைக்கும். இளைத்ததை ஈடுகட்டத் தின்ன வேண்டும். விண்மீன்களுக்கு இடையிலோ சராசரியாக ஒரு கன சென்டிமீட்டருக்கு ஏறத்தாழ ஓர் அணுதான் கிடைக்கும். பசி வந்துவிட்டதா? கதையும் வந்துவிட்டது.

இப்போது நீளம். மனித உடலின் வேகமான நரம்புகளில் செய்தி நொடிக்குச் சுமார் 100 மீட்டர் ஓடுகிறது. சூரியன் 15 கோடி கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது. வகுத்துப் பாருங்கள். வாலில் பட்ட அடி தலைக்குத் தெரிய ஏறக்குறைய 47 ஆண்டுகள். வாலை இழுத்துக்கொள் என்று தலை இடும் கட்டளை போய்ச்சேர இன்னொரு 47. நிலா வரைக்கும் என்று சுருக்கினாலும் 44 நாட்கள் ஆகும். நரம்புக்குப் பதில் ஒளியே ஓடினாலும் சூரியன்வரை 8 நிமிடத்துக்குமேல் வேண்டும், அதைவிடக் குறைந்த நேரத்தில் எந்தச் செய்தியும் போய்ச்சேராது. குட்டியாக இருந்தபோது வாலில் பட்ட சூட்டை, நடுவயது கடந்த தலை இன்றுதான் உணர்கிறது. அந்த வலிக்கு அது எப்படி முகம் சுளிக்கும்?

என் அம்மாவுக்கு நெடுநாள் சர்க்கரை நோய். கடைசி வருடங்களில் பாதத்தில் உணர்ச்சி போய்விட்டது. ஒருநாள் கூடத்தில் அவள் நடந்த வழியெல்லாம் ரத்தம். நான் பதறி ஓடிப்போய் உட்காரவைத்தேன். உள்ளங்காலில் ஒரு கண்ணாடிச் சில்லு. அம்மா குனிந்து வெகுநேரம் அதைப் பார்த்தாள். “எப்பக் குத்துச்சுன்னே தெரியலையே, பாவம்” என்றாள். தன் காலைத்தான் பாவம் என்றாள், யாரோ ஒரு பிள்ளையின் கால் மாதிரி. நீளமான நரம்புகளின் நுனிதான் முதலில் பட்டுப்போகும் என்று மருத்துவர் விளக்கினார். அதன்பிறகு ராத்திரிகளில் நான்தான் அந்தப் பாதங்களைத் தடவிப் பார்ப்பேன், அவளுக்குத் தெரியாத காயம் ஏதும் இருக்கிறதா என்று. அவள் போன பிறகு இந்த நினைவை எங்கே வைப்பது என்று தெரியாமல் இருந்தேன். அப்போதுதான் உங்கள் கடிதம் வந்தது.

ஆகவே வாலை விட்டுவிடாதீர்கள். தலையிடம் கேட்டு நடக்க முடியாத வால் தானே யோசிக்கப் பழகியிருக்கும். ஆக்டோபஸின் நரம்பணுக்களில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு கைகளில்தான் இருக்கிறது, உங்கள் பாம்புக்கு அதைவிடக் கூடுதலாகவே வேண்டும். வானத்தைப் பாருங்கள். 88 விண்மீன் குழுக்களில் இரண்டு துண்டாகக் கிடப்பது செர்பன்ஸ் என்ற பாம்பு ஒன்றுதான். தலை ஒருபக்கம், வால் ஒருபக்கம், நடுவில் அதைப் பிடித்திருக்கும் ஒஃபியூகஸ் என்ற இன்னொரு விண்மீன் குழு. ஹபிள் தொலைநோக்கி 1995இல் எடுத்த படத்தால் பேர்பெற்ற கழுகு நெபுலா என்ற வாயு, தூசி மேகம் அந்த வால் பகுதியில் இருக்கிறது. அங்கே புது விண்மீன்கள் பிறந்துகொண்டிருக்கின்றன.

பெயர் கேட்டிருந்தீர்கள். ராகு தலை, கேது உடல் என்று வெட்டுண்ட பாம்பு நம்மிடம் ஏற்கெனவே உண்டு. நிலவின் பாதை சூரியப் பாதையை வெட்டும் இரண்டு புள்ளிகள் அவை. 18.6 ஆண்டுகளுக்கு ஒருமுறை வானைச் சுற்றுகின்றன, எப்போதும் நேர் எதிரெதிராக. அந்தப் பெயர்களே வேண்டுமா என்பது உங்கள் இஷ்டம். ஆனால் தலைக்கும் வாலுக்கும் ஒரே பெயர் போதாது என்று எனக்குத் தோன்றுகிறது.

எழுதியதை ஓரமாக வைத்துவிட்டு வாலிலிருந்து தொடங்குங்கள். ஒரு விண்கல் மோதட்டும். தலைக்குத் தகவல் போய்ச்சேரும் 47 ஆண்டுகளில் வால் தனியாக என்ன செய்தது? அந்த ஓர் அத்தியாயத்தை முதலில் நண்பனிடம் காட்டுங்கள், அவன் கேட்கும் கேள்விகளையும் சேர்த்து எனக்கு அனுப்புங்கள்.