வாயில் பெப்பே, தாளில் ஜுஸெப்பே

தம்பி, நீர் நாலு விசயம் கேட்டிருக்கிறீர். உணவகத்தில் முதலாளியை எல்லாரும் "பெப்பே" என்று கூப்பிடுகிறார்கள், வேலை ஒப்பந்தத்தில் "ஜுஸெப்பே" என்று கிடக்கிறது, இரண்டும் ஒரே ஆளா, அந்தப் பெயருக்கு என்ன அர்த்தம், நானும் அப்படிக் கூப்பிடலாமா என்பது ஒன்று. வாடகை, மொழி வகுப்பு, ஜெர்மனிக்கு மாறுவது மற்ற மூன்று. அந்த மூன்றுக்கும் சிசிலித் தலைநகரான இந்தப் பலெர்மோவில் பதில் சொல்ல ஆயிரம் வாய் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை மொந்தே பெல்லெக்ரீனோ மலையில் சாந்தா ரொசாலியா குகைக் கோயிலுக்கு ஏறினீர் என்றால், இறங்குவதற்குள் எங்கட சனமே உமக்கு எல்லாம் சொல்லி முடித்துவிடும், பாதி பிழையாக. பெயர் விசயத்தைத்தான் ஒருவரும் சொல்லித் தருவதில்லை. வந்து இறங்கின புதிதில் ஆக்கள் முட்டுப்படுவதும் அங்கேதான்.

ஓம், ஒரே ஆள். ஜுஸெப்பே முழுப்பெயர், பெப்பே செல்லப்பெயர். எங்கட ஊர்களில் சூசை, யோசேப்பு, யூசுப் என்று மூன்று சமயத்து வாயில் மூன்று விதமாக வருகிற அதே பெயர்தான். மூலம் எபிரேயம். "யோசேஃப்" என்றால் "அவர் கூட்டித் தருவார்". தொடக்கநூல் 30ஆம் அதிகாரத்தில் கனகாலம் பிள்ளையில்லாமல் இருந்த ராகேல் மகனைப் பெற்றதும் இரண்டு வசனம் சொல்கிறாள். கடவுள் என் இழிவை எடுத்துவிட்டார் என்பது முதலாவது, இன்னொரு மகனையும் கூட்டித் தரட்டும் என்பது இரண்டாவது. எபிரேயத்தில் எடுப்பதற்கு "ஆஸஃப்", கூட்டுவதற்கு "யோசேஃப்". கழித்தலும் கூட்டலும் ஒரே ஓசையில் வருகிற சிலேடை அது. மொழிபெயர்ப்பில் அது தெரியாது.

எபிரேயத்தில் ப, ஃப இரண்டுக்கும் ஒரே எழுத்துத்தான். கிரேக்கர் எடுத்துக்கொண்டபோது கடைசி ஒலி அவர்களின் "ஃபை" (φ) எழுத்துக்குப் போனது. பழங்காலத்தில் அது ஃப இல்லை, மூச்சு விட்டுச் சொல்கிற ப. லத்தீன் படித்தவர்கள் அதைப் பிற்காலத்தில் ஃப ஆக்கினார்கள், தெருவில் நின்ற சனம் ப என்றே சொன்னது. அதனால் பழைய இத்தாலியில் இரண்டு வடிவமும் ஓடின. 16ஆம் நூற்றாண்டு இசை அறிஞர் ஸர்லீனோவின் பெயர் ஜொஸெஃப்போ. நின்று பிடித்தது தெருவின் ஜுஸெப்பே. தொடக்கத்து ய, ஜ ஆனது இத்தாலியின் வழக்கம்: யொஹான்னெஸ் ஜொவான்னி ஆன மாதிரி.

இனிச் செல்லப்பெயர். ஜுஸெப்பேயில் அழுத்தம் "ஸெப்" மீது விழும். முன்துண்டை விட்டு அழுத்தம் விழுகிற பின்துண்டைப் பிள்ளைகள் பிடிப்பார்கள், முதல் ஒலியையும் பின்னால் வருகிற ப மாதிரியே ஆக்கிவிடுவார்கள். அப்படி வந்ததுதான் பெப்பே. ரோமாபுரிக்குத் தெற்கே இதுதான். தொஸ்கானாவிலும் பியெமொந்தேயிலும் லிகூரியாவிலும் முதல் எழுத்து "பஸ்" என்பதில் வருகிற ப. தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றாய்த்தான் தெரியும், இத்தாலியன் காதுக்கு ஒன்று நாபொலி, மற்றது தொரீனோ. எழுத்தாளர் ஃபெனொல்யோவும் அரசியலுக்குப் போன நகைச்சுவைக்காரர் க்ரில்லோவும் வடக்கர், இருவரும் "பஸ்" பெப்பே. வெனெத்தோவில் கடைசி உயிர் மாறி பெப்பி, அதுவும் "பஸ்" பதான், நடுவில் ஒற்றை ப. தொஸ்கானாவில் ஜெப்போ, ஜெப்பெத்தோ என்றும் உண்டு. பினோக்கியோவைச் செதுக்குகிற தச்சருக்கு அந்தப் பெயர், சூசையப்பரும் தச்சர். தெற்கே பெப்பீனோ, பெப்பூச்சோ. ஜுஸெப்பீனோ என்று நீட்டி வாலை மட்டும் எடுத்தால் பீனோ. பெண்ணுக்கு ஜுஸெப்பீனா, ஜுஸெப்பா. வீட்டில் பீனா, பினூச்சா, ஜூஸி.

பிப்போவில் கவனம். சிசிலியில் பிப்போ என்றால் கனக்க ஜுஸெப்பேதான். தொலைக்காட்சிக்காரர் பிப்போ பௌதோ கத்தானியாப் பக்கத்து ஜுஸெப்பே. ஆனால் வடக்கில் பிப்போ பெரும்பாலும் ஃபிலிப்போ. பந்து விளையாடின இன்ஸாகி அப்படி ஒரு பிப்போ. ஃபிலிப்போ கிரேக்கப் பெயர், குதிரை விரும்பி என்று பொருள். அதற்கும் எபிரேயத்துக்கும் ஒரு தொடர்பும் இல்லை. பீனோவும் அப்படித்தான், வேறு பெயர்களின் வாலாகவும் இருக்கலாம். ஆகவே பிப்போவையும் பீனோவையும் கண்டு முழுப்பெயரை ஊகிக்காதேயும், கேளும். மற்றது, டிஸ்னியின் கூஃபிக்கு இத்தாலியில் பெயர் பிப்போ. முகம் தெரியாத ஆளை அப்படிக் கூப்பிட்டால் என்ன நினைப்பார் என்று நீரே யோசியும்.

உச்சரிப்பில் தமிழனுக்கு ஒரு வரமும் ஒரு சாபமும். இரட்டை மெய் எங்களுக்குப் பிறப்பிலேயே வரும், ஆங்கிலேயர் வருடக்கணக்காய்ப் பாடுபடுகிற இடம் அது. சாபம் ஒற்றை ப. இரண்டு உயிருக்கு நடுவில் தனி ப வந்தால் எங்கட நாக்கு அதைத் தானாக மெலிக்கும், "அபாயம்" என்று சொல்லிப் பாரும். இத்தாலியில் ஒற்றை ப-வோடு "பெபே" என்றால் மிளகு, அதை வன்மையாகவே சொல்ல வேண்டும். சமையற்கட்டில் மிளகு கேட்டு முதலாளி திரும்பிப் பார்க்காமல் இருந்தால் சரியாய்ச் சொல்லியிருக்கிறீர். ஜுஸெப்பேயில் ஜி எழுத்துக்குப் பிறகு வருகிற ஐ சத்தமில்லாதது, "ஜியு" இல்லை "ஜு".

இவ்வளவு ஜுஸெப்பே ஏன் என்று ஒரு நாள் கேட்பீர். இடைக்காலத்தில் அரிதாக இருந்த பெயர் இது. சூசையப்பர் திருநாளைப் பாப்பரசர் 15ஆம் கிரகோரி 1621இல் கட்டாயத் திருநாள் ஆக்கினார், 1870இல் 9ஆம் பயஸ் அவரைத் திருச்சபை முழுவதற்கும் காவலராக அறிவித்தார். இந்த இரண்டுக்கும் நடுவில் பெயர் பெருகியது. மாத்ஸீனி, கரிபால்தி, வெர்தி மூவரும் ஜுஸெப்பேக்கள். அதோடு தெற்கில் மூத்த மகனுக்கு அப்பாவின் அப்பா பெயர். பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதிலிருந்து வந்தது என்று தெரிந்த எங்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. நாலு மகன்மாருக்கு நாலு ஜுஸெப்பே பிறந்தால் ஒருவன் பெப்பே, ஒருவன் பிப்போ, ஒருவன் பீனோ, ஒருவன் பெப்பூச்சோ. செல்லப்பெயர் அங்கே அடையாள இலக்கம் மாதிரி. உயிரோடிருக்கிற தகப்பன் பெயரை மகனுக்கு வைக்க 2000ஆம் ஆண்டின் 396ஆம் இலக்க ஆணை விடாது, தாத்தா பெயருக்குத் தடையில்லை.

இந்தப் பெயரின் பொருளைத் தமிழாக்கின ஆளும் ஒரு ஜுஸெப்பேதான். கோஸ்தான்ஸோ ஜுஸெப்பே பெஸ்கி, 1680இல் மாந்தொவாப் பக்கம் காஸ்திலியோனே தெல்லே ஸ்தீவியெரேயில் பிறந்தவர், எங்களுக்கு வீரமாமுனிவர். தேம்பாவணியில் சூசையப்பருக்கு அவர் வைத்த பெயர் "வளன்". கூட்டுதல், பெருகுதல் என்ற எபிரேயப் பொருளை எடுத்து "வளர்" என்ற எங்கட வேரில் நட்டார். லத்தீன் விவிலியமும் தொடக்கநூல் 49இல் யோசேப்பை வளர்கிற மகன் என்றே சொல்கிறது. முதலாளியிடம் இதைச் சொல்லிப் பாரும். சம்பளம் கூடாது, ஆனால் உம்மைப் பிறகு "அந்தப் பையன்" என்று சொல்லமாட்டார்.

இனி முக்கியமான இடம். வாயில் கிடக்கிற பெயரைத் தாளில் ஏற்றாதேயும். வங்கிப் பரிமாற்றத்தில் வாடகை அனுப்புகிறீர், பெறுபவர் இடத்தில் "பெப்பே" என்று போடுகிறீர். 2025 அக்டோபர் 9 முதல் யூரோ நாடுகளில் வங்கி கணக்கு இலக்கத்தையும் பெயரையும் ஒப்பிட்டுப் பார்க்கிறது. பொருந்தாவிட்டால் எச்சரிக்கை வரும். அதைத் தாண்டி அனுப்பி, இலக்கமும் பிழைத்திருந்தால் பணத்தைத் திரும்ப எடுப்பது உம்முடைய பாடு. வெளிநாட்டவரைத் தங்கவைக்கிற வீட்டுக்காரர் 48 மணி நேரத்துக்குள் கொடுக்க வேண்டிய அறிவித்தலிலும் அவருடைய முழுப்பெயர்தான். இருபது வருடம் ஒரே வீட்டில் இருந்துவிட்டு வீட்டுக்காரரின் குடும்பப்பெயர் தெரியாது, "தோன் பெப்பீனோ" மட்டும்தான் தெரியும் என்கிற எங்கட ஆக்களைப் பார்த்தால் எனக்கு உண்மையாகவே கோபம் வரும். பெர்மெஸ்ஸோ, அதாவது வதிவிட அனுமதி, புதுப்பிக்கிற நேரத்தில் அவர்கள்தான் ஓடித் திரிவது.

கோடிச்சே ஃபிஸ்காலே என்கிற வரி இலக்கத்தின் கணக்கையும் விளங்கிக்கொள்ளும். 16 எழுத்து, இலக்கம். முதல் 3 குடும்பப்பெயரின் மெய்கள், அடுத்த 3 சொந்தப் பெயரின் மெய்கள். சொந்தப் பெயரில் நாலோ கூடவோ மெய் இருந்தால் இரண்டாவதை விட்டு 1, 3, 4 எடுப்பார்கள். ஜுஸெப்பேயில் ஜி, எஸ், பி, பி. ஆகவே ஜி பி பி. பெப்பே என்று கொடுத்தால் மூன்றும் பி, வேறு ஆளாகிவிடும். பிறகு பிறந்த வருடம் 2 இலக்கம், மாதத்துக்கு ஒரு எழுத்து (மார்ச்சுக்கு சி), நாள் 2 இலக்கம், பெண்ணென்றால் நாளோடு 40 கூட்டல். மார்ச் 19இல் பிறந்த ஜுஸெப்பேக்கு சி19, ஜுஸெப்பீனாவுக்கு சி59. அதற்குப் பிறகு பிறந்த இடம், இலங்கையில் பிறந்தவருக்கு இஸட்209. கடைசி எழுத்து சரிபார்ப்பு.

எங்கட சனம் அடிபடுவது முதல் ஆறில். கடவுச்சீட்டில் தகப்பன் பெயர் குடும்பப்பெயர் இடத்தில் நிற்கும். விண்ணப்பம் நிரப்புகிற அண்ணர் அதை மாற்றிப் போட்டுவிடுவார். தகப்பன் பெயரின் மெய்யும் உம்முடைய மெய்யும் இடம் மாறி இரண்டாவது இலக்கம் உருவாகிவிடும். சம்பளச் சிட்டை ஒன்றில், மருத்துவ அட்டை மற்றதில், ஓய்வூதியப் பதிவு இரண்டிலும் பாதி பாதி. கையெழுத்து வைக்க முன் கடவுச்சீட்டை மேசையில் விரித்து எழுத்தெழுத்தாகப் பாரும்.

கூப்பிடலாமா என்று கேட்டீர். அவர் "என்னைப் பெப்பே என்று கூப்பிடு" என்று சொல்லும்வரை "சிஞ்ஞோர் ஜுஸெப்பே", "நீங்கள்" என்பதற்கு மரியாதைச் சொல் "லேய்". வயது போனவரைத் தெற்கில் தோன் பெப்பீனோ என்பார்கள், சிசிலியில் மாமாவைச் சொல்கிற "ஸூ" சேர்த்து ஸூ பெப்பே. அதை மற்றவர் சொல்லக் கேட்டு நீரும் சொல்லத் தொடங்காதேயும். உரிமை வந்த பிறகு விளிப்பது வேறு கதை: நாங்கள் முருகனை முருகா என்று நீட்டுவோம், இவர்கள் அழுத்தம் விழுந்த இடத்தோடு வெட்டுவார்கள். ஜுஸே! பெப்பீ! பீ!

மறுபக்கமும் உண்டு. முதலாளிக்கு வாயில் வராதென்று உமக்கொரு பீனோ பட்டம் தருவார். எங்கட சிலர் அதைப் பெருமையாய் வாங்கி, அடுத்த தமிழனிடமும் பீனோ என்றே அறிமுகம் செய்கிறார்கள். ஸெப், பெப், பிப் எல்லாம் சொல்கிற நாக்குக்குச் சிவகுமாரன் வராதா? முதல் இரண்டு அசையைக் கொடுத்து "சிவா" என்று சொல்லச் சொல்லும், சொல்வார்கள்.

பழைய ஆக்களுக்கு இந்த நகரில் இரண்டு ஜுஸெப்பேக்கள் மறக்காது. சினிஸியில் மாஃபியாவை வானொலியில் கிண்டல் செய்து 1978 மே 9இல் கொல்லப்பட்ட பெப்பீனோ இம்பஸ்தாத்தோ. ப்ரங்காச்சோவின் பங்குத்தந்தை பீனோ புலீஸி. 1993 செப்டம்பர் 15இல், தன் 56ஆவது பிறந்தநாளில், சுடப்பட்டார். பாத்ரே பீனோ புலீஸி என்ற மூன்று பி-யையும் சேர்த்து "த்ரே பி" என்று பிள்ளைகள் சொல்வார்கள். 2013இல் முத்திப்பேறு பெற்றவராக்கியபோதும் அவர் பீனோதான். கல்லறை கதீட்ரலில் இருக்கிறது, சாந்தா ரொசாலியாவைக் கும்பிடப் போகிறபோது அங்கேயும் நில்லும்.

மார்ச் 18 இரவு பழைய தெருக்களில் விறகு குவித்து எரிப்பார்கள், சூசையப்பர் நெருப்பு. உடைந்த கதிரையை வெளியே வைத்தால் விடிய இராது. 19ஆம் திகதி பெயர்த்திருநாள், தந்தையர் நாளும் அதுதான். 1977இல் அரசு விடுமுறைப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டார்கள், வேலை உண்டு. காலையில் முதலாளிக்கு "ஔகூரி" என்று வாழ்த்துச் சொல்லும். கொண்டாடுகிறவர்தான் இங்கே வாங்கிக் கொடுப்பது, ரிகோத்தாப் பாற்கட்டி பூசின ஸ்ஃபிஞ்சா என்கிற பொரித்த பலகாரம் வரும். பன்றி சாப்பிடாத ஆளென்றால் எடுக்க முன் கேளும், பழைய முறையில் மாவிலும் பொரிக்கிற சட்டியிலும் பன்றிக் கொழுப்பு இருக்கும்.