யேல் குடும்பத்தின் நிஜக் கல்லறை

கேள்வி: அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்தை வைத்து லீ பார்டுகோ எழுதிவரும் மர்ம நாவல் வரிசையைப் படித்தீர்களா? ரகசியச் சங்கங்கள், ஆவிகள், 'கல்லறை' என்றே பெயர் வைத்த கட்டடம்... நம் ஊரில் இப்படிப்பட்ட கதைக்குக் களமே இல்லையே, ஏன்?
- வாசகி, திருச்சி

பதில்: படித்தேன். 2019-இல் வந்த 'நைன்த் ஹவுஸ்', 2023-இல் வந்த 'ஹெல் பென்ட்' இரண்டையுமே. பார்டுகோ யேலில் படித்தவர், அங்குள்ள ஒரு ரகசியச் சங்கத்தில் உறுப்பினராக இருந்தவர். அதனால் சந்துபொந்தெல்லாம் அத்துப்படி. முதல் நாவலின் தொடக்கத்திலேயே, பங்குச் சந்தை ஏறுமா இறங்குமா என்று பார்க்க, ஒரு நோயாளியின் வயிற்றைத் திறந்து குடலை வைத்துக் குறி சொல்கிறார்கள். பணக்காரப் பிள்ளைகளின் எதிர்காலத்துக்கு நாதியற்றவனின் உடம்பு. அந்த ஒரு காட்சிக்காகவே அந்த நாவலை மதிக்கிறேன்.

ஆனால் 'கல்லறை' என்ற சொல்லைப் பார்த்ததும் என் மனம் பாரிமுனைக்குப் போய்விட்டது. நீங்கள் சொல்வது 1832-இல் தொடங்கிய ஸ்கல் அண்ட் போன்ஸ் சங்கத்தின் கட்டடம். அந்தப் பல்கலைக்கழகத்துக்குப் பெயர் தந்த எலிஹு யேல் ஒரு காலத்தில் சென்னையின் ஆளுநர். யேல் குடும்பத்தின் நிஜக் கல்லறை சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் இருக்கிறது. அதற்குள் இருப்பது அவருடைய சின்னஞ்சிறு மகன் டேவிட். கூடவே யேல் மனைவியின் முதல் கணவர் ஜோசப் ஹின்மர்ஸ். களம் இல்லை என்றா சொல்கிறீர்கள்?

அந்த இடம் முழுவதும் ஒரு காலத்தில் ஆங்கிலேயரின் இடுகாடு. 1758-59-இல் பிரெஞ்சுப் படை ஜார்ஜ் கோட்டையை முற்றுகையிட்டபோது அந்தக் கல்லறைகளின் மறைவில் நின்று சுட்டது. முற்றுகை முடிந்ததும் ஆங்கிலேயர் அவற்றை இடித்து, கல்வெட்டுப் பலகைகளைக் கோட்டைக்குள் கொண்டுபோய் செயின்ட் மேரி தேவாலயத்தைச் சுற்றிப் பாவிவிட்டார்கள். பெயர்கள் கோட்டைக்குள், எலும்புகள் வெளியே. தப்பி நின்றவற்றில் ஒன்றுதான் யேல் மகனின் கல்லறை. அதே தேவாலயத்தில்தான் 1680-இல் எலிஹு யேலின் திருமணமும் நடந்தது.

கிழக்கிந்தியக் கம்பெனியின் எழுத்தராக 1672-இல் சென்னைக்கு வந்த யேல், 1687-இல் ஆளுநர் ஆனார். சொந்த வியாபாரத்தில் கொழித்தார். அவர் காலத்தில் இந்தத் துறைமுகத்திலிருந்து அடிமைகளும் கப்பலேறினார்கள். 1692-இல் பதவி பறிபோனது. 1718-இல், அமெரிக்காவில் திண்டாடிக்கொண்டிருந்த ஒரு கல்லூரிக்கு 417 புத்தகங்கள், மன்னர் முதலாம் ஜார்ஜின் படம், ஒன்பது பொதி சரக்கு அனுப்பினார். பொதிகளில் காலிகோ, மஸ்லின் துணிகள் இருந்தன. சரக்கு விற்றதில் சுமார் 562 பவுண்டு கிடைத்தது. கல்லூரிக்கு அவர் பெயரை வைத்தார்கள்.

மர்மம் இன்னும் வேண்டுமா? யேல் பிரிட்டிஷ் கலை மையத்தில் ஓர் ஓவியம் இருக்கிறது. மேசையைச் சுற்றி எலிஹு யேலும் கனவான்களும். ஓரத்தில், கழுத்தில் உலோக வளையம் பூட்டிய ஒரு கறுப்பினச் சிறுவன். 2020-இல் படத்தை இறக்கி, ஆராய்ச்சியெல்லாம் செய்து, 2022-இல் திரும்ப மாட்டினார்கள். கனவான்களுக்குப் பெயர் உண்டு. அந்தப் பிள்ளைக்கு இல்லை. படத்தை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது.

அப்புறம், என் பழைய பாட்டு. தமிழ் எழுத்தாளர்கள் எழும்பூர் ஆவணக் காப்பகத்துக்குப் போக வேண்டும் என்று நான் எழுதும்போதெல்லாம் "நாவலுக்கு எதற்கய்யா தூசி?" என்று நாலு பேர் சண்டைக்கு வருகிறார்கள். இன்றும் சொல்கிறேன்: போகத்தான் வேண்டும். ஜார்ஜ் கோட்டையின் நாட்குறிப்புகளும் ஆலோசனைக் குறிப்புகளும் வரிசையாக அச்சாகிக் கிடக்கின்றன. யார் எந்தக் கப்பலில் போனார், யார் யாரைக் காட்டிக்கொடுத்தார் என்பதெல்லாம் அதில் வருகிறது. ஆவிகள் யேல் இருக்கும் நியூ ஹேவன் நகரத்தில் அலைகின்றன என்று பார்டுகோ எழுதினார். அவை கப்பலேறிய இடத்தை நம்மில் ஒருவர் எழுதலாமே.

நீங்களே தொடங்குங்கள். திருச்சியிலிருந்து எழும்பூருக்கு ரயில் இருக்கிறது, ஸ்டேஷனிலிருந்து காப்பகம் பக்கம்தான். முதல் அத்தியாயத்தை எனக்கு அனுப்புங்கள், வரிக்கு வரி படிக்கிறேன்.