எல்.வி.என். லைசென்ஸ் ரினியூவல்: வாசகர் கேள்வி – பதில்

டெக்சஸில் எல்.வி.என்., அதாவது லைசென்ஸ் பெற்ற வொகேஷனல் நர்ஸாக வேலை பார்க்கும் வாசகிகளிடமிருந்து இந்த முறை ஒரே விஷயமாகக் கடிதங்கள் வந்திருக்கின்றன. ஒரே மாதிரியானவற்றைச் சேர்த்துச் சுருக்கியிருக்கிறோம்.

கேள்வி: நானும் தோழியும் ஒன்றாகப் படித்து, ஒரே வாரத்தில் என்கிளெக்ஸ் என்ற லைசென்ஸ் தேர்வை பாஸ் செய்தோம். அவள் லைசென்ஸுக்கு இரண்டு வருஷத்துக்கு மேல் ஆயுள். எனக்கு ஒரு வருஷம்கூட இல்லை. நர்ஸிங் போர்டு தப்பாகப் போட்டுவிட்டதா? ரினியூவலுக்குக் கேட்கும் 20 மணிநேரத் தொடர்கல்வியை அதற்குள் முடிக்க வேண்டுமா?
– வாசகி, கேட்டி

பதில்: தப்பில்லை. டெக்சஸில் லைசென்ஸ் முடிவது உங்கள் பிறந்த மாதத்தின் கடைசி நாளில். ஒற்றைப்படை ஆண்டில் பிறந்தவருக்கு ஒற்றைப்படை ஆண்டு, இரட்டைப்படையில் பிறந்தவருக்கு இரட்டைப்படை ஆண்டு. இந்தக் கணக்கில் கொண்டுபோய்ப் பொருத்துவதற்காக முதல் லைசென்ஸை மட்டும் 6 மாதத்திலிருந்து 29 மாதம் வரை எதுவாகவும் தருவார்கள். அடுத்ததிலிருந்து இரண்டு பேருக்கும் இரண்டிரண்டு ஆண்டுதான்.

தேர்வெழுதி லைசென்ஸ் வாங்கியவருக்கு முதல் ரினியூவலில் 20 மணிநேரம் கேட்பதில்லை. ஆனால் விண்ணப்பமும் கட்டணமும் உண்டு. ‘முதல் தடவை ஒன்றும் வேண்டாமாம்’ என்று யாரோ சொன்னதை நம்பித் தேதியைத் தவறவிடுகிறவர்கள் ஏராளம்.

கேள்வி: முதியோர் இல்லத்தில் வேலை. இரண்டு வருஷத்தில் சேர்த்தது: வேலையிடத்தில் இன்சர்வீஸ் வகுப்புகள் 6 மணி, சி.பி.ஆர். புதுப்பித்தது 4 மணி, ஆன்லைனில் காயப் பராமரிப்பு 8 மணி. ஆர்.என். (ரெஜிஸ்டர்டு நர்ஸ்) ஆவதற்கான பிரிட்ஜ் படிப்பில் சேருவதற்காக உடற்கூறியல் பேப்பரும் முடித்திருக்கிறேன். 20 தேறுமா?
– வாசகி, பிளேனோ

பதில்: இப்போதைக்குத் தேறுவது 8தான். இன்சர்வீஸும் ஓரியண்டேஷனும் வேலையிடத்தின் தேவைக்காக நடப்பவை, போர்டு எடுத்துக்கொள்ளாது. அடிப்படை சி.பி.ஆரும் அப்படியே. காயப் பராமரிப்பு வகுப்பு நடத்தியவர் அங்கீகாரம் பெற்றவரா என்பதைச் சர்டிஃபிகேட்டில் பாருங்கள்: உங்கள் பெயர், தேதி, மணிநேரம், வகுப்பு நடத்தியவர், அங்கீகாரம் தந்த அமைப்பு எல்லாம் அதில் இருக்க வேண்டும்.

பலர் ஏமாறுவது கல்லூரிப் பாடத்தில். நர்ஸிங் பாடமாக இருந்தால் ஒரு செமஸ்டர் கிரெடிட்டுக்கு 15 மணி. மூன்று கிரெடிட் பாடம் ஒன்றே 45 மணியாகிவிடும். ‘சி’ கிரேடுக்குக் குறையக் கூடாது. ஆனால் பிரிட்ஜில் நுழைவதற்கு முன்தகுதியாகப் படிக்கும் உடற்கூறியல், கணிதம் போன்றவற்றுக்கு ஒரு மணிகூடக் கிடைக்காது. பிரிட்ஜுக்குள் போய் நர்ஸிங் பேப்பர் ஒன்றை முடித்திருந்தால் உங்கள் கவலை தீர்ந்திருக்கும். இப்போது இன்னும் 12 மணி தேட வேண்டும்.

அந்த 12ஐ எதில் தேடுவது என்பதிலும் கவனம் வேண்டும். முதியோரைப் பராமரிப்பவர் என்பதால் ஒவ்வொரு ரினியூவலிலும் முதியோர் பராமரிப்பு பற்றி 2 மணி கட்டாயம். நர்ஸிங் சட்டமும் நெறிமுறையும் 2 மணி. இது மூன்று ரினியூவலுக்கு ஒருமுறை, அதாவது ஆறு ஆண்டுக்கு ஒருமுறை. நோயாளியை நேரடியாகக் கவனிப்பவர்களுக்கு மனிதக் கடத்தல் தடுப்பு வகுப்பும் உண்டு. இதை மாநில சுகாதாரத் துறை அங்கீகரித்த பட்டியலிலிருந்துதான் எடுக்க வேண்டும். தலைப்பு ஒன்றாக இருக்கிறதே என்று வேறு எங்கோ படித்தால் செல்லாது.

எல்லாமே இந்த இரண்டாண்டுக்குள் முடித்தவையாக இருக்க வேண்டும். கூடுதலாகச் சேர்த்த மணிநேரத்தை அடுத்த முறைக்குத் தள்ள முடியாது. ரினியூ செய்யும்போது சர்டிஃபிகேட்டை யாரும் கேட்பதில்லை, ‘முடித்துவிட்டேன்’ என்று டிக் செய்தால் போதும். பிறகு ஆடிட்டுக்குப் பெயர் விழுந்தால்தான் தலைவலி. மூன்று ரினியூவல் காலத்துக்குக் காகிதங்களை வைத்திருங்கள். வகுப்பு நடத்திய தளம் அதுவரை இருக்கும் என்று நம்பாதீர்கள். பிடிஎஃப்பை இறக்கி வைத்துவிடுங்கள்.

கேள்வி: மதுரைக்குப் போயிருந்த நேரத்தில் லைசென்ஸ் காலாவதியாகிவிட்டது. நினைவூட்டல் எதுவும் வரவில்லை. சூப்பர்வைசர், ‘பணத்தைக் கட்டிவிட்டு நாளைக்கே டூட்டிக்கு வந்துவிடு’ என்கிறார். போகலாமா?
– வாசகி, சுகர்லேண்ட்

பதில்: போகாதீர்கள். சலுகை நாட்கள் என்று எதுவும் கிடையாது. முடிந்த மறுநாளிலிருந்து நீங்கள் லைசென்ஸ் இல்லாதவர். ஒரு ஷிஃப்ட் பார்த்தாலும் அது லைசென்ஸ் இல்லாமல் நர்ஸ் வேலை பார்த்ததாகும். விசாரணை வந்தால் பதில் சொல்ல வேண்டியவர் நீங்கள், சூப்பர்வைசர் அல்ல. பணம் கட்டிய ரசீது லைசென்ஸ் ஆகாது. நர்ஸ் லைசென்ஸைச் சரிபார்க்கும் நர்சிஸ் தளத்தில் உங்கள் பெயருக்கு நேரே காலாவதித் தேதி மாறியிருக்கிறதா என்று பார்த்து, அந்தப் பக்கத்தை அச்சிட்டுக்கொண்டு போங்கள்.

நினைவூட்டல் வராதது சாக்காக எடுபடாது. பெயரோ முகவரியோ மாறினால் 10 நாளில் போர்டுக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது விதி. ரினியூவல் 60 நாள் முன்னதாகவே திறந்துவிடும். ஊருக்குக் கிளம்பும் முன்பே முடித்திருக்கலாம். நீண்ட காலம் ஊரில் தங்குவதாக இருந்தால் லைசென்ஸை ‘இன்ஆக்டிவ்’ என்று மாற்றிவிட்டுப் போவது மேல். எப்படியானாலும் நான்கு ஆண்டைத் தாண்டவிடாதீர்கள். அதற்குள் என்றால் கட்டணமும் 20 மணிநேரமும்தான். தாண்டினால் ரிஃப்ரெஷர் கோர்ஸ் படிக்க வேண்டும்.

கேள்வி: கணவருக்கு சான் ஹோசேயில் வேலை. என்னுடையது பல மாநிலங்களில் செல்லும் லைசென்ஸ். அங்கே போய்ப் பார்த்துக்கொள்ளலாமா?
– வாசகி, ஆஸ்டின்

பதில்: அந்தப் ‘பல’வில் கலிஃபோர்னியா இல்லை, அது நர்ஸ் லைசென்ஸ் ஒப்பந்தத்தில் சேரவில்லை. சாக்ரமெண்டோவில் உள்ள எல்.வி.என். போர்டுக்கு எண்டார்ஸ்மெண்ட் முறையில், அதாவது இருக்கும் லைசென்ஸை வைத்து விண்ணப்பித்து, லைசென்ஸ் கைக்கு வந்த பிறகே வேலை. இதை இங்கிருந்தே தொடங்கிவிடுங்கள். வீடு மாறிய பிறகு ஆரம்பித்தால் சம்பளமில்லாமல் காத்திருக்க வேண்டிவரும். அங்கேயும் ரினியூவல் இரண்டாண்டுக்கு ஒருமுறை, பிறந்த மாதக் கடைசியில்தான். ஆனால் கேட்பது 30 மணிநேரம்.

அரிசோனா போன்ற ஒப்பந்த மாநிலத்துக்குக் குடிபெயர்பவர்களுக்கு வேறு கணக்கு: 2024 ஜனவரி 2 முதல், குடியேறிய 60 நாளுக்குள் புது மாநிலத்தில் விண்ணப்பித்துவிட வேண்டும்.

கேள்வி: குடித்துவிட்டு ஓட்டியதாக ஒரு கேஸ் நிலுவையில் இருக்கிறது. இன்னும் தீர்ப்பு வராததை ரினியூவலில் சொல்ல வேண்டுமா?
– பெயர் வேண்டாம்

பதில்: சொல்ல வேண்டும். படிவம் தண்டனையை மட்டும் கேட்பதில்லை. நிலுவையில் உள்ள வழக்கையும் கேட்கிறது. சின்னப் போக்குவரத்து அபராதத்துக்குத்தான் விலக்கு, குடித்து ஓட்டியது அதில் வராது. உங்கள் கைரேகை ஏற்கெனவே கோப்பில் இருக்கிறது, மறைத்தால் நிற்காது. வழக்கோடு பொய் சொன்ன குற்றமும் சேர்ந்துகொள்ளும். நடந்ததை விளக்கி நீங்களே கடிதம் எழுதிக் கையெழுத்திட்டு, கோர்ட் காகிதங்களோடு இணைத்து அனுப்புங்கள். பரிசீலனைக்கு நாளாகும் என்பதால், ரினியூவல் திறந்த முதல் வாரத்திலேயே அனுப்பிவிடுங்கள்.