அப்பா என்ன தப்பு செய்தார்?

அன்புள்ள ஐயா,

என் அக்காவின் கணவர் நான்கு மாதங்களுக்கு முன் மாரடைப்பில் தவறிவிட்டார். மகளுக்கு 14 வயது, மகனுக்கு 5. சின்னவனிடம் அப்பா வேலையாக வெளியூர் போயிருக்கிறார் என்று சொல்லி வைத்திருக்கிறோம். பாட்டி மட்டும் 'சாமிகிட்ட தூங்குறார்' என்கிறார். பார்த்துப் பார்த்து அழப்போகிறான் என்று கூடத்தில் இருந்த அத்தானின் படத்தைக் கழற்றி பீரோவுக்குள் வைத்துவிட்டோம். போன வாரம் நான் போனில் 'அத்தான் தவறிட்டார்' என்று யாரிடமோ சொன்னதைக் கேட்டுவிட்டு, 'அப்பா என்ன தப்பு செய்தார், சித்தி?' என்றான். பெரியவள் இதுவரை அழவே இல்லை. எப்போதும் போன்தான், தோழிகள்தான். அவள் 'மறுப்பு' என்ற கட்டத்தில் இருக்கிறாள் என்று ஒருவர் சொன்னார். என் கேள்வி இதுதான்: அந்தப் படத்தை மறுபடி மாட்டலாமா? ஓராண்டு போகட்டுமா?

ச.

அன்புள்ள ச.,

படத்துக்குக் கடைசியில் வருகிறேன். போகிற போக்கில் நீங்கள் எழுதிய ஒரு வரிக்காகத்தான் இந்தப் பதில். சாவைச் சொல்லாமலே சாவைச் சொல்ல நம் மொழியில் இருக்கும் சொற்களைப் பற்றிச் சில நாட்களாகவே எண்ணிக்கொண்டிருந்தேன். உங்கள் அக்கா மகன் ஒரே கேள்வியில் அதைப் போட்டு உடைத்துவிட்டான்.

காலமானார், மறைந்தார், தவறினார், இயற்கை எய்தினார், கண்ணை மூடிவிட்டார், போய்ச் சேர்ந்தார். இப்படி மாற்றிச் சொல்வதற்கு இலக்கணத்திலேயே இடம் உண்டு. மங்கலம் என்று பெயர். உரைகாரர்கள் அதற்குக் காட்டும் எடுத்துக்காட்டே 'செத்தாரைத் துஞ்சினார் என்றல்'. துஞ்சுதல் என்றால் தூங்குதல். ஆக, பாட்டி சொன்னது இலக்கண சுத்தமானது. பெரியவர்களுக்கு நடுவே எனக்கு இதில் ஒரு குறையும் இல்லை. கேட்பவருக்கு சாவு என்றால் என்னவென்று ஏற்கெனவே தெரியும், அதனால் சொல்லை மெத்தென்று வைக்கலாம். குழந்தைக்கோ நடந்தது என்ன என்பதே அந்தச் சொல் வழியாகத்தான் தெரியவேண்டும். அங்கே சொல்லை மூடினால் விஷயமே மூடிப்போகிறது.

ஐந்து வயதுப் பிள்ளை சொல்லைச் சொல்லாகவே கேட்கும். 'மறைந்தார்' என்றால் ஒளிந்திருக்கிறார், தேடினால் கிடைப்பார். 'தூங்குகிறார்' என்றால் எழுந்து வருவார். அதோடு, தூங்கினால் நானும் அப்படி ஆகிவிடுவேன், அம்மா கண் அயர்ந்தால் அவளும் ஆகிவிடுவாள். இரவு பத்து மணிக்குத் தூங்கமாட்டேன் என்று அடம்பிடிக்கும் பிள்ளையைப் பிறகு அதட்டுவோம். 'தவறிட்டார்' என்றால் தவறு செய்திருக்கிறார். இன்று அப்பா என்ன தப்பு செய்தார் என்று கேட்கிறவன், நாளை நான் என்ன தப்பு செய்தேன் என்று கேட்பான். அதை உங்களிடம் கேட்கமாட்டான், தனக்குள் கேட்டுக்கொள்வான். இந்த வயதில் நினைப்புக்கும் நடப்புக்கும் நடுவே வேலி கிடையாது. என்றைக்கோ கோபத்தில் 'நீ போ' என்று அப்பாவிடம் கத்தியிருந்தால், அதனால்தான் போனார் என்று முடிச்சுப் போட்டுக்கொள்வான்.

ஆனால் எல்லாவற்றையும்விட மோசம் அந்த 'வெளியூர்'. கோபித்துக்கொள்ளாதீர்கள், இதைச் சொல்லித்தான் ஆகவேண்டும். இறந்த அப்பாவால் வரமுடியாது. வெளியூரில் இருக்கும் அப்பாவுக்கு வர மனமில்லை. நான்கு மாதமாக ஒரு போன்கூடச் செய்யாத அப்பாவை அந்தக் குழந்தைக்கு நீங்கள் உண்டாக்கிக் கொடுத்திருக்கிறீர்கள். அவனுக்காகத்தான் மறைத்தோம் என்பீர்கள். இல்லை. அவன் அழும்போது பக்கத்தில் இருக்கும் தெம்பு பெரியவர்கள் யாருக்கும் இல்லை, அதனால் மறைத்தீர்கள். தெம்பு இல்லாமல் போவது குற்றமில்லை. அதற்குக் குழந்தையின் பெயரைப் போட்டதுதான் சரியில்லை.

1948-இல் வெளியான ஆய்வொன்றில் மரியா நாகி, ஹங்கேரியக் குழந்தைகள் சாவைப் பற்றி என்ன நினைக்கிறார்கள் என்று எழுதினார். ஐந்து வயதுக்கு உட்பட்டவர்களில் பலர் அதை ஒரு பயணமாக, ஒருவகைத் தூக்கமாக எண்ணியிருந்தார்கள். பயணமும் தூக்கமும்! குழந்தையின் அறியாமை எதுவோ அதையே எடுத்து, பெரியவர்களின் வாயால் உண்மை என்று முத்திரை குத்தித் திருப்பிக் கொடுத்திருக்கிறது உங்கள் வீடு. 1984-இல் ஸ்பீஸ், பிரென்ட் என்ற இருவர் அதுவரை வந்த ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தார்கள். இறந்தவர் திரும்பமாட்டார், இறந்த உடம்பு எதையும் செய்யாது, சாவு எல்லோருக்கும் உண்டு: இந்த மூன்றும் பெரும்பாலான குழந்தைகளுக்கு ஐந்திலிருந்து ஏழு வயதுக்குள் பிடிபடுகின்றன என்று கண்டார்கள். உங்கள் வீட்டுப் பையன் சரியாக அந்த வாசற்படியில் நிற்கிறான்.

அவனிடம் ஒரு சொல் ஏற்கெனவே இருக்கிறது என்பதை மறந்துவிடுகிறோம். எறும்பை மிதித்துவிட்டு 'செத்துப்போச்சு' என்று எத்தனை முறை சொல்லியிருப்பான்! மனிதருக்கு, அதிலும் அப்பாவுக்கு, அந்தச் சொல் நம் காதில் தடித்து விழுகிறது, அது நியாயம்தான். அதனால் 'இறந்துவிட்டார்' என்று சொல்லுங்கள். ஒரே ஒரு முறை இரண்டையும் சேர்த்துக் கட்டுங்கள்: 'எறும்பு செத்துப்போச்சுன்னு சொல்வோம்ல, மனுஷங்களுக்கு இறந்துட்டாங்கன்னு சொல்வோம்.' அவ்வளவு போதும்.

சொல்லவேண்டியது அக்கா. நீங்கள் பக்கத்தில் இருக்கலாம். அதற்கு முந்தின நாள் வீட்டில் உள்ள பெரியவர்கள் எல்லோரும், முக்கியமாகப் பாட்டி, எந்தச் சொல்லைச் சொல்லப்போகிறோம் என்று பேசி முடித்திருக்கவேண்டும். அக்கா 'இறந்துவிட்டார்' என்றும் பாட்டி 'தூங்குகிறார்' என்றும் சொன்னால் குழந்தை தனக்குப் பிடித்ததைத்தான் எடுத்துக்கொள்ளும். பாட்டியின் சாமியை யாரும் பறிக்கவேண்டாம். முதலில் உடம்புக்கு என்ன ஆனது என்று சொல்லிவிட்டு, பிறகு நம்பிக்கையைச் சொல்லட்டும். இரவு படுக்கும் நேரத்தில் சொல்லாதீர்கள். அன்று முழுக்க அக்கா கூடவே இருக்கக்கூடிய ஒரு விடுமுறை நாள் காலையில் சொல்லுங்கள்.

அவன் உயரத்துக்கு உட்கார்ந்து, முதலில் பொய்யை எடுத்துவிடுங்கள். 'அப்பா வெளியூர் போயிருக்கார்னு சொன்னோம். அது உண்மை இல்லை. எப்படிச் சொல்றதுன்னு தெரியாம சொல்லிட்டோம்.' அடுத்து, 'ரொம்ப வருத்தமான விஷயம் ஒண்ணு சொல்லப்போறேன். அப்பா இறந்துட்டார்.' ஒரு நிமிடம் பேசாதீர்கள். பிறகு, 'அவர் உடம்பு வேலை செய்யறது நின்னுபோச்சு. மூச்சு விடாது, பசிக்காது, வலிக்காது. இனிமே திரும்ப வரமாட்டார். அவரும் வரணும்னுதான் நினைச்சிருப்பார், வரமுடியாது.' காரணத்தையும் உறுப்பின் பெயரோடு சொல்லுங்கள்: 'நெஞ்சுக்குள்ள இருக்கிற இதயம் நின்னுபோச்சு. சளி, காய்ச்சல் மாதிரி இல்லை.' வெறுமனே 'உடம்பு சரியில்லாமல் போய் இறந்தார்' என்று விட்டால், அடுத்த மாதம் அம்மா இருமும்போது அவனுக்குக் குலை நடுங்கும்.

கேட்டாலும் கேட்காவிட்டாலும் மூன்று விஷயங்களுக்குப் பதில் அவனுக்கு வேண்டும். என்னாலா? 'நீ சொன்னது, செஞ்சது, நினைச்சது எதனாலயும் இல்லை.' அம்மாவும் இறந்துவிடுவாளா? இங்கேதான் பலர் 'நான் சாகவே மாட்டேன்' என்று இன்னொரு பொய்யில் போய் விழுகிறார்கள். 'ரொம்ப வருஷம் உன்கூட இருப்பேன்னுதான் நினைக்கிறேன்' என்பதே போதும். என்னை யார் பார்த்துக்கொள்வார்கள்? பள்ளிக்கு யார் கூட்டிப்போவார், இரவு பக்கத்தில் யார் படுப்பார் என்று ஆளின் பெயரோடு சொல்லுங்கள்.

இதையெல்லாம் கேட்டுவிட்டு, 'சரி, நான் விளையாடப்போறேன்' என்று அவன் எழுந்து ஓடலாம். புரியவில்லை என்று எண்ணிப் பின்னாலேயே போய் மறுபடி சொல்லாதீர்கள். சின்னப் பிள்ளைகளால் இவ்வளவு பாரத்தைத் தொடர்ந்து சுமக்கமுடியாது; குட்டையில் இறங்கி ஏறுவதுபோல இறங்கி ஏறுவார்கள். இரண்டு நாள் கழித்து 'அப்பா எப்ப வருவார்?' என்று கேட்பான். நீங்கள் சொன்னது வீணாகிவிட்டது என்று அர்த்தமில்லை, 'திரும்பமாட்டார்' என்பதை மெல்ல மென்றுகொண்டிருக்கிறான். அதே பதில், அதே சொற்கள், இருபது முறையானாலும். 'ஏன் பொய் சொன்னே?' என்று அடித்தாலும் அடிப்பான். வாங்கிக்கொள்ளுங்கள். படுக்கையை நனைப்பது, மழலைப் பேச்சுக்குத் திரும்புவது, அம்மாவை விட்டு நகராமல் இருப்பது எல்லாம் சில வாரங்கள் இருக்கும், தண்டிக்காதீர்கள். ஆனால் பாவம் என்று எல்லா விதிகளையும் தளர்த்திவிடவும் வேண்டாம். தூங்கும் நேரம், பல் தேய்ப்பது, அக்காவை அடிக்கக்கூடாது என்பதெல்லாம் பழையபடி இருந்தால்தான் வீடு இன்னும் நிற்கிறது என்று அவனுக்குத் தெரியும்.

பெரியவளின் 'மறுப்புக் கட்டம்' பற்றி அதிகம் சொல்ல விருப்பமில்லை. மறுப்பு என்பது எலிசபெத் கூப்ளர்-ரோஸ் என்ற மனநல மருத்துவர் 1969-இல் எழுதிய ஐந்து கட்டங்களில் ஒன்று. அவை சாவை எதிர்நோக்கியிருந்த நோயாளிகளிடம் பேசி எழுதியவை. அப்பாவை இழந்த பெண்ணுக்கு அவை பேருந்து நிறுத்தங்கள் அல்ல. துக்கத்தை ஆராய்ந்த ஸ்ட்ரோப், ஷட் இருவரும் 1999-இல் சொன்னது அவளுக்குப் பொருந்தும்: துக்கத்துக்குள் போவதும் அதிலிருந்து விலகி அன்றாடத்தைக் கவனிப்பதும் மாறி மாறி நடக்கும், இரண்டுமே தேவை. போனும் தோழிகளும் அந்த விலகல். 'இனி நீதான் அம்மாவைப் பார்த்துக்கணும், தைரியமா இருக்கணும்' என்று அவளிடம் சொன்னவர்கள் எத்தனை பேர் என்று மட்டும் எண்ணிப்பாருங்கள். அந்தப் பெண் எப்படி அழுவாள்? அந்த வேலையிலிருந்து அவளை விடுவியுங்கள். எதிரே உட்காரவைத்து விசாரிக்கவேண்டாம். பாத்திரம் கழுவும்போது, நடக்கும்போது, ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காத நேரத்தில் பேச்சு தானே வரும். வகுப்பில் முடியாமல் போனால் கேள்வி கேட்காமல் பத்து நிமிடம் வெளியே விட ஒரு ஆசிரியரிடம் ஏற்பாடு செய்துவையுங்கள். வகுப்பில் யாருக்கு என்ன தெரியலாம் என்பதை அவளே முடிவு செய்யட்டும்.

சாகவேண்டும் என்றோ அப்பாவிடம் போகவேண்டும் என்றோ பேசினால், நேராகக் கேளுங்கள்: 'உயிரை விட்டுடலாம்னு நினைக்கிறியா?' கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக முளைத்துவிடாது. ஆம் என்றால் அவளைத் தனியே விடாமல் அன்றே மருத்துவரிடம் போகவேண்டும். தன்னைக் காயப்படுத்திக்கொள்வது, வாரக்கணக்கில் பள்ளிக்குப் போகாதது, குடி இவற்றுக்கும் காத்திருக்கக்கூடாது. மற்றபடி, அமெரிக்க மனநல மருத்துவர் சங்கத்தின் 2022 வரையறை, நீடித்த துக்க நோய் என்று சொல்ல பெரியவர்களுக்கு 12 மாதமும் பிள்ளைகளுக்கு 6 மாதமும் கடந்திருக்கவேண்டும் என்கிறது. அழவில்லை என்பதற்காக நான்காம் மாதத்தில் அவளுக்கு ஒரு நோயின் பெயரைச் சூட்டாதீர்கள்.

உங்கள் கடிதம் முழுக்கப் பிள்ளைகளைப் பற்றியது, அக்காவைப் பற்றி ஒரு வரி இல்லை. வோர்டனும் சில்வர்மனும் அமெரிக்காவில் பெற்றோரில் ஒருவரை இழந்த 70 குடும்பங்களின் 125 பிள்ளைகளை இரண்டாண்டுகள் தொடர்ந்து பார்த்தார்கள். பிள்ளை எப்படி இருக்கிறது என்பதை எல்லாவற்றையும்விட அதிகம் தீர்மானித்தது, மிஞ்சியிருக்கும் அம்மாவோ அப்பாவோ எப்படி இருக்கிறார் என்பதுதான். முதலாண்டில் நன்றாக இருந்த சிலர் இரண்டாம் ஆண்டில் தடுமாறினார்கள் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். சொந்தக்காரர்கள் வருவது நின்றுபோகும் காலம் அது. அக்கா தூங்குகிறாரா, சாப்பிடுகிறாரா, வாரத்தில் ஒரு மணி நேரமாவது தனியாக இருக்க முடிகிறதா என்று பாருங்கள். பிள்ளைகள் முன் அழலாம். அழுகைக்கு ஒரு விளக்கம் மட்டும் வேண்டும்: 'அப்பாவை நினைச்சு அழறேன், உன்னால இல்லை. கொஞ்ச நேரத்துல முகம் கழுவிட்டு வந்துடுவேன்.'

படம். இதற்கு ஓராண்டுக் கணக்கெல்லாம் கிடையாது. சொல்லைப் பீரோவில் வைத்ததுபோல முகத்தையும் வைத்திருக்கிறீர்கள். சின்னவனிடம் சொன்ன பிறகு, பிள்ளைகள் இருவரையும் வைத்துக்கொண்டு எடுங்கள். எங்கே மாட்டுவது என்று பெரியவளிடம் கேளுங்கள். தன் அறையில் வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள். அதே பீரோவில் அவருடைய சட்டை, கைக்கடிகாரம் ஏதாவது இருக்கும். ஆளுக்கு ஒன்று அவர்களே எடுத்துக்கொள்ளட்டும். சட்டையைத் துவைக்காமல் கொடுங்கள்.