பாரில் ஆடுகிறேன், சம்பளம் கேட்க எனக்கு உரிமை உண்டா?

கேள்வி: சொந்த ஊர் விழுப்புரம் பக்கம். நவி மும்பையில் ஒரு டான்ஸ் பாரில் ஆடி வந்தேன். மூன்று மாதச் சம்பளம் பாக்கி. டிப்ஸிலும் பாதிக்கு மேல் முதலாளியே எடுத்துக்கொண்டார். கேட்டதற்கு, “நீ செய்வதே தப்புத் தொழில், போலீசுக்குப் போனால் உன்னைத்தான் பிடிப்பார்கள்” என்று மிரட்டி நிறுத்திவிட்டார். ஊருக்குத் தெரிந்துவிடுமோ என்றும் பயம்.
- பெயர் வேண்டாம், ஐயா.

பதில்: அவர் சொன்னது வெறும் மிரட்டல், சகோதரி. பாரில் ஆடுவது குற்றமல்ல. மகாராஷ்டிர அரசு 2005இல் தடை போட்டது உண்மைதான். சுமார் 75,000 பெண்களின் பிழைப்பு போனதாக வழக்கில் சொல்லப்பட்டது. பார் உரிமையாளர்களோடு, வர்ஷா காலே தலைமையிலான பார் பெண்கள் சங்கமும் நீதிமன்றம் ஏறியது. நட்சத்திர ஹோட்டலில் ஆடினால் கலை, சாதாரண பாரில் ஆடினால் ஒழுக்கக்கேடா என்ற வாதம் எடுபட்டது. 2006இல் உயர் நீதிமன்றமும் 2013இல் உச்ச நீதிமன்றமும் தடை செல்லாது என்றன.

அரசு விடவில்லை. 2016இல் புதுச் சட்டம், கூடவே ஏகப்பட்ட நிபந்தனைகள். 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அவற்றில் பலவற்றை ரத்து செய்தது. ஆனால் எழுத்துப்பூர்வ ஒப்பந்தம் வேண்டும், பணம் வங்கிக் கணக்கில் போக வேண்டும் என்பவற்றை விட்டுவைத்தது. மாதச் சம்பளம் கட்டாயம் என்பது மட்டும் போயிற்று. ஒரே பெண் நாலு இடத்தில் ஆடலாம் அல்லவா! பார்களை நெருக்கப் போட்ட நிபந்தனை இன்று உங்கள் பக்கம் நிற்கிறது. ஒப்பந்தம் போடாதது அவர் குற்றம், உங்களுடையதல்ல.

2025 நவம்பர் 21 முதல் ஊதியச் சட்டத் தொகுப்பு நடைமுறையில் இருக்கிறது. வேலையை விட்டு நிறுத்தினால் இரண்டு வேலை நாளுக்குள் கணக்குத் தீர்க்க வேண்டும். பாக்கிக்கு மூன்று வருடத்துக்குள் மனுப் போடலாம். கொடுத்துவிட்டேன் என்றால் அதை அவர்தான் நிரூபிக்க வேண்டும். நீங்கள் அங்கே வேலை பார்த்ததை மட்டும் காட்டுங்கள்: “எட்டு மணிக்கு வந்துடு” என்று வந்த வாட்ஸ்அப் செய்தி, ஜீபே வரவு, கூட ஆடியவர்களின் சாட்சி. எதையும் அழித்துவிடாதீர்கள். டிப்ஸ் கணக்கை நிரூபிப்பது கஷ்டம். சம்பளப் பாக்கியை முன்னால் வையுங்கள். பாருக்கு ஆர்கெஸ்ட்ரா லைசென்ஸ் (பாட்டுக்கும் இசைக்கும்தான், ஆட்டத்துக்கு அல்ல) மட்டும்தான் என்றால் வழக்கு கொஞ்சம் சிக்கலாகும். ஆனாலும் உழைத்த கூலியை அமுக்க அது சாக்காகாது என்றே நான் வாதிடுவேன்.

போலீஸ் பயமா? சம்பளம் கேட்டதற்காக யாரையும் கைது செய்ய முடியாது. ஊர் பயத்துக்கு, மனுவில் மும்பை முகவரியைக் கொடுங்கள். நோட்டீஸ் அங்கேதான் வரும்.

வக்கீல் செலவுக்குக் கவலை வேண்டாம். வருமானம் எவ்வளவு இருந்தாலும் பெண்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு. 15100 எண்ணில் அழைக்கலாம். மற்ற பெண்களுக்கும் பாக்கி இருக்கும் என்று நினைக்கிறேன். அப்படியானால் எல்லோருக்குமாக ஒரே மனு போதும், சட்டம் அதை அனுமதிக்கிறது.